மறதியும் கடனும்

நாயொன்றைப் பொருளாகக் கொண்டு சித்தாந்தத் திங்களிதழில் எழுதப் புகுதல் அன்பர் சிலர்க்கு நகை விளைத்தல் கூடும். ஆயினும், பசு என்னுஞ் சொல் ஆவினை மாத்திரம் குறியாது, பாசத்தாற் கட்டுண்ட உயிர்த்தொகை முழுவதையும் குறிக்கும் என்று நாடோறும் பாடஞ் சொல்லியும் கேட்டும் வருகின்றவர் நாம். பிறப்பின் வகை 84 நூறாயிரம் என்றும், அவற்றுள் விலங்கினுக்குரியன 10 நூறாயிரம் என்றும் எண்ணிக் காட்டுவோரும் நாமே. எண்ணுதற்கண் உள்ள அவ்வூக்கம், எண்ணப்பட்டவற்றுள் ஒன்று நம் திண்ணையில் மூத்துத் தளர்ந்து கிடக்குமிடத்துச் செல்லாதொழிவது யாதுபற்றி என்னும் வினா அண்மையில் எம்மை மிக வருத்திற்று. அதனை ஈண்டு ஒருவாறு ஆராய்வாம்.

எம் இல்லத்துச் செவலை நாய்க்கு இது 15-ஆம் ஆண்டு. மணி என்பது அதன் பெயர். இராசபாளையம், கோம்பை என்று பேர்பெற்ற குலத்ததன்று, ஊர்நாயே. மழைக்கு ஒதுங்கிய குட்டியாய் வந்து தங்கிவிட்டது. தெருக்கோடியில் எம் செருப்பொலி கேட்டதும் எழுந்து வாயிலுக்கு வருதலும், அந்திப் பூசையில் மணியடிக்குங்கால் முற்றத்தில் மோவாயை நிலத்திற் பதித்துக் கிடத்தலும், அயலார் வரின் மும்முறை குரைத்து எம் முகம் நோக்கிப் பின் அடங்குதலும் பன்னீராண்டுகாலம் அதன் வழக்கமாயிருந்தன.

இவை ஒவ்வொன்றாய்க் கழன்றன. முதற்கண் செவி மந்தமாயிற்று. பின்னர்க் கண்மணியில் நீலம் பாய்ந்த வெண்மை படர்ந்தது. மூக்கு மாத்திரம் இன்றளவும் ஓரளவு துணை நிற்கின்றது. வெளியூர் சென்று வந்து தெரு நடையில் நின்ற எம்மை நோக்கி உறுமிய நாய், கையை மோந்த பின்னரே வாலை அசைத்தது. பூதங்கள் ஒடுங்குங்கால் நிலமே முதற்கண் நீரில் ஒடுங்கும் என்பது முறையாகலின், நிலத்தின் குணமாகிய நாற்றத்தைக் கொள்ளும் மூக்கே முன்னர்க் கெடுதல் வேண்டுமன்றோ என்று எம்மிடம் பாடங் கேட்கும் இளைஞரொருவர் வினாவினார். தத்துவ ஒடுக்கம் வேறு, உடம்பின் மூப்பு வேறு. ஒன்றன் முறையை மற்றொன்றில் ஏற்றிக் காண்டல் வீண் வேலை என்றேம். நம் கூட்டத்தாரிடை இவ்வகை ஏற்றிக் காண்டல் மிகுதி.

நாய் பகற்பொழுதெல்லாம் உறங்கி இரவெல்லாம் நடக்கத் தொடங்கிற்று. தரையில் நகம் உரசும் ஒலி விடியுமட்டும் கேட்கும். உண்டதனை மறந்து கலத்தண்டை மீட்டும் வந்து நிற்கும். சுவர் மூலையில் மூக்கு முட்ட நின்று, திரும்பும் வகை அறியாது நெடும்பொழுது அங்ஙனமே நிற்கும். இடுப்பைத் தொடின் சீறும். சீறியது யாரிடம் என்று அடுத்த கணமே மயங்கும். முன்னெல்லாம் தனித்துத் திரிதலை விரும்பியது, இப்பொழுது எம்மை விட்டு ஓரடியும் அகலாது. எல்லாவற்றினும் எம் மனத்தைத் தொட்டது ஒன்றுண்டு. வெளியே போதற்பொருட்டுக் கதவண்டை வரும்போது, திறக்கும் பக்கத்தை விடுத்துக் கீல் பொருந்திய பக்கத்தே நின்று காத்திருக்கும். கதவைத் திறந்த பின்னும் அவ்விடம் விட்டு அசையாது. வழி மறுபுறத்தே திறந்து கிடப்பது அதற்குத் தெரியாது.

இஃது எம் நாய்க்கே உரிய புதுமையன்று. கலிபோர்னியாப் பல்கலைக்கழகத்தின் டேவிஸ் பகுதியினர் 2001-ஆம் ஆண்டு வெளியிட்ட ஆராய்ச்சியொன்றில், 11, 12 வயதுடைய நாய்களுள் நூற்றுக்கு 28-உம், 15, 16 வயதுடையவற்றுள் நூற்றுக்கு 68-உம் இத்தகைய குறிகளுள் ஒன்றையேனும் உடையனவாகக் காணப்பட்டன. திசை மயங்குதல், உறக்கம் இரவுபகல் மாறுதல், பழகியவரிடத்து நடை வேறுபடுதல், இல்லத்துள்ளேயே கழிவு நீக்குதல் என்பன அக்குறிகள். மாந்தர்க்கு முதுமையில் வரும் மறதிநோயிற் காணப்படும் அமிலாய்டு என்னும் புரதப் படிவு, மூத்த நாய்களின் மூளையிலும் காணப்படுகின்றது.

இனி எம் குற்றம் ஒன்று கூறல் வேண்டும். கார்த்திகைத் திங்களில் ஓரிரவு நாய் பூசையறை வாயிற்படியருகே நீர் பெய்துவிட்டது. ஆண்டுத் தரையில் அடுக்கியிருந்த புத்தகங்கள் சில நனைந்தன. உறக்கங் கெட்ட சினத்தால் விசிறிக் காம்பை எடுத்து இருமுறை அடித்தேம். இளமையாயின் அஃது ஓடியிருக்கும். அன்றிச் செவியை மடக்கித் தரையோடு ஒட்டிக் கிடந்திருக்கும். அன்று இரண்டுஞ் செய்திலது. அடி எப்புறத்திலிருந்து வந்தது என்று தெரியாதது போல் நாற்றிசையும் நோக்கிற்று. பின்னர்த் தள்ளாடி வந்து, எம் கால்களுக்கிடையே தலையை நுழைத்து நடுங்கி நின்றது. யாரோ தன்னை அடித்தார். அவரினின்றும் காத்தற்கு எம்மை அடைந்தது. காம்பு எம் கையிலேயே இருந்தது.

மறுநாட் காலையில் வழக்கம்போல் வந்து கையை மோந்து வாலை அசைத்தது. எம்மைப் பொறுத்தது என்று சொல்லுதற்கும் இடமில்லை. பொறுத்தற்கு நினைவு வேண்டுமன்றோ? அவ்வடி எங்கே போயிற்று? பட்டது அதனை நினையாதாயின், பட்டதே இல்லையாகுமோ? பன்னீராண்டு எம் வாயிலைக் காத்த நாய்க்கு யாம் பட்ட கடன், அந்நாய் தன்னையும் எம்மையும் மறந்த பின்னர் எதன்மாட்டு நிற்கும்? நண்பரொருவர் எம் முகவாட்டங் கண்டு, “ஐயா, தாங்கள் வளர்த்த நாய் போய்விட்டது, இப்பொழுது நிற்பது அதன் கூடு” என்றார். ஆறுதலாகவே சொன்னார். ஆயினும் அச்சொல்லில் ஒரு சமயக்கொள்கையே அடங்கிக் கிடத்தலை அவர் நோக்கினாரல்லர்.

மேனாட்டாருள் ஜான் லாக் என்பார் மனித அறிவு பற்றிய தம் பெருநூலின் இரண்டாம் பதிப்பில், 1694-ஆம் ஆண்டு, ஒருவன் நேற்றிருந்தவனே இன்றும் உளன் என்பது அவன் உணர்வு பின்னோக்கிச் சென்று பற்றும் அளவினதே என்னுங் கருத்தை நிறுவினார். நினைவு எட்டுமளவே ஆள் எட்டுவான் என்பது அதன் பிண்டப்பொருள். இதனை மறுத்தவருள் தாமஸ் ரீட் என்பார் 1785-ஆம் ஆண்டு ஓர் எடுத்துக்காட்டுத் தந்தார். சிறுவயதில் பழத்தோட்டத்தில் திருடி அடிபட்டான் ஒருவன்; வளர்ந்து போரில் கொடி கவர்ந்த வீரனாயினான்; மூத்துப் படைத்தலைவனாயினான். வீரன் தான் சிறுவயதிற் பட்ட அடியை நினைக்கின்றான். தலைவன் தான் கொடி கவர்ந்ததை நினைக்கின்றான், அடியை மறந்தான். நினைவே ஆளாயின், தலைவன் வீரனும் ஆவான், வீரன் சிறுவனும் ஆவான், ஆயினும் தலைவன் சிறுவனல்லன் என்று முடியும். அடிபட்ட சிறுவனை அவர் உவமையாகக் கொண்டது எம்மைச் சிறிது தைக்கவே செய்தது.

நம்மனோர்க்கு இவ்வழக்கு புதிதன்று. அருணந்தி சிவாசாரியர் தம் சித்தியாரின் பரபக்கத்தில் மறுத்த 14 கொள்கைகளுள் முதற்கண் நிற்பது உலகாயதம். உடம்பின் கூட்டத்தில் தோன்றும் அறிவே உயிர், கூட்டங் கலையின் உயிரும் இல்லை என்பது அதன் துணிபு. மூளையிற் படிவு மிகின் நாய் இல்லை என்பதும் அத்துணிபின் புதுவடிவே. மெய்கண்டதேவர் சிவஞானபோதத்து நான்காஞ் சூத்திரத்தில், அந்தக்கரணங்களுள் யாதொன்றும் உயிரன்று, அவற்றைக் கூடி நிற்பது உயிர் என்று நிறுவி, அமைச்சரொடு கூடிய அரசனை உவமை காட்டினார். அமைச்சர் ஒருவர்பின் ஒருவராய் விடைபெற்றுப் போயினர் என்பதனால் அரசன் இலன் ஆகான். இருண்ட மண்டபத்தில் ஆணை கேட்பாரின்றித் தனித்திருப்பான். மூலையிற் சுவரை நோக்கி நிற்கும் நாயைக் காணுந்தோறும் அவ்வரசன் நினைவே எமக்கு வருகின்றது.

அவத்தை கூறுமிடத்து, நனவில் 35 கருவிகளும், கனவில் 25-உம், உறக்கத்தில் 3-உம், பேருறக்கத்தில் 2-உம், உயிர்ப்படக்கத்தில் 1-உம் தொழிற்படும் என்று கணக்கிட்டுப் படிக்கின்றோம். நனவிலேயே இவ்வைந்தும் நிகழும் என்பதும் படிக்கின்றோம்: கண் திறந்திருக்கக் கண்ட பொருள் இன்னதென்று தோன்றாது நிற்றலும், நாவில் வந்த பெயர் மறைதலும், பிறவும். எமக்கும் அவை அன்றாடம் நிகழ்வனவே. மூக்குக்கண்ணாடியை நெற்றியில் ஏற்றிவிட்டுப் பெட்டியெல்லாம் தேடிய முதியவரை, அவர் அவரல்லர் என்று யாரும் சொல்லக் கேட்டிலேம். நாய்க்கு மாத்திரம் அவ்வாறு சொல்லத் துணிதல், அதன்பால் நாம் கொண்ட மதிப்பு அதன் தொழிலைப் பற்றியதேயன்றி உயிரைப் பற்றியதன்று என்பதைக் காட்டிக்கொடுக்கின்றது. குரைத்துக் காக்குமளவும் நாய், குரைப்பொழியின் கூடு.

இவ்வளவில் நிறுத்திக்கொள்ளின் வழக்கு எளிதாய் முடியும். ஆனால், மறுதலைப் பிழையொன்று நம் பக்கத்தார் வாயிலேயே அடிக்கடி வருகின்றது. “உயிர் கெடுவதன்று, கெடுவன கருவிகளே; ஆகலின் நாய்க்குத் துன்பம் என்பது நம் தோற்றமே, உள்ளே உயிர் அமைதியாய் உளது” என்பர். கேட்டற்கு இனிதாயிருப்பினும் இது சித்தாந்தமன்று. புருடன் தாமரையிலையிற் கிடக்கும் நீர்போல் ஒட்டாது நிற்பான் என்னும் சாங்கியர் கொள்கை இது. அன்றி, இன்பதுன்பம் வெறுந் தோற்றம் என்னும் ஏகான்மவாதியர் கொள்கை. நம் நூல் கூறுவதோ, உயிர் சார்ந்ததன் வண்ணமாம் என்பது. ஆணவ இருளில் அழுந்திக் கிடக்கும் உயிர்க்கு, மாயையின் காரியமாகிய கருவிகள் கைவிளக்குப் போலச் சிறிது ஒளி தருவன. திரி மங்கின், இருளைக் காண்பது விளக்கன்று. விளக்கைப் பிடித்திருந்தவனே காண்பான். நள்ளிரவில் காரணமின்றி ஊளையிடும் நாயின் அச்சம், மூளையின் அச்சமன்று, அவ்வுயிரின் அச்சமே. அதே உயிர் என்பது உண்மையாமளவு, அதற்கே துன்பம் என்பதும் உண்மையாம். இவ்விரண்டையும் சேரப் பிடித்தல் கடினம். ஒன்றை விடுதலில் எளிமையுண்டு. உலகாயதன் முன்னதை விட்டான், மாயாவாதி பின்னதை விட்டான். இருவரும் நன்றாய் உறங்குவர்.

அடி எங்கே போயிற்று என்னும் வினாவிற்கு இப்பொழுது வருவாம். முற்பிறப்பிற் செய்தவை நமக்கு நினைவில் இல்லை. நினைவில்லாதவனுக்கு அவற்றின் பயனை ஊட்டுதல் முறையாமோ என்று புறச்சமயத்தார் கடாவுதல் உண்டு. வினை சடம், தானே சென்று பற்றாது. உயிரும் தன் வினையைத் தானே அறிந்து எடுத்துக்கொள்ளாது. ஆகலின் இரண்டையும் அறிந்து கூட்டுவான் முதல்வன் ஒருவன் வேண்டும் என்று விடை கூறிவருகின்றேம். இவ்விடையை எத்தனையோ மாணாக்கர்க்கு எழுதுவித்திருக்கின்றேம். அன்றிரவே அதன் பொருள் விளங்கிற்று. நாய் மறந்தது, அடித்த செயல் ஒழிந்திலது. விலங்குப் பிறப்பு நுகர்தற்கு உரியது, ஈட்டுதற்கு உரியதன்று என்பது பெரும்பான்மை வழக்காகலின், அவ்விரவில் புதுவினை ஈட்டியவர் யாம் ஒருவரே. பட்டது மறந்துபோனமையால் எம் கணக்குத் தீர்ந்திலது. கேட்டுப் பெறுதற்குரிய பொறையும் அதனிடத்து இல்லையாயிற்று. கடன் கொடுத்தவன் மறதியுடையனாயின் கடன் தீரும் என்று வாணிகர் வேண்டுமானால் வழக்காடலாம்.

அடித்த கையே அடைக்கலங் கொடுத்தது என்றமையால், இறைவன்பால் அறக்கருணையும் மறக்கருணையும் ஒருங்கு நிற்குமாற்றை இந்நிகழ்ச்சி காட்டுகின்றதன்றோ என்று அன்பரொருவர் நயம்படக் கூறினார். யாம் உடன்பட்டிலேம். மறக்கருணை என்பது உயிர்க்கு உறுதி நோக்கிச் செய்யும் ஒறுப்பு. எம்முடையது தூக்கங் கெட்ட எரிச்சல். இதற்கு அப்பெயரிடுதல் பெரும்பிழை.

மற்று, மூன்றாவதொரு கூற்றும் உண்டு. அதுவே மிகக் கொடிது. “அதன் வினை, அது நுகர்கின்றது, இடையே நாம் யார்?” என்பது. மூட்டுவலிக்கு மருந்து வாங்கப் புறப்பட்ட எம்மை நோக்கி ஒரு பெரியவர் இதனைச் சொன்னார். அவர்க்குக் காய்ச்சல் வந்தபோது மருத்துவரை அழைத்தது எமக்கு நினைவிருந்தும் வாய் திறந்திலேம். வினைப்பயன் உயிரை வந்தடையும் வாயில்கள் தன்னானும் பிறவுயிரானும் பூதங்களானும் தெய்வத்தானும் என்று பலவாதல் நூற்றுணிபு. மருந்தும் ஒரு வாயில். அதனைக் கொணரும் கையும் ஒரு வாயில். நாயின் ஊழில் நோயே எழுதப்பட்டது, மருந்து எழுதப்படவில்லை என்பதை அப்பெரியவர் எவ்வேட்டிற் கண்டார்? பிறிதோர் உயிரின் ஊழ் எமக்குத் தெரியாது. எமக்குத் தெரிந்தது, எம்முன் ஓர் உயிர் நோவுறுகின்றது என்பதும், எம் கை வாளா இருக்கின்றது என்பதுமே.

அப்பெரியவர் பின்னும் ஒரு வழி கூறினார்: தொலைவிலுள்ள சந்தைப் பக்கம் கொண்டுவிட்டு வருதல். கொன்ற பழியும் இல்லை, தொல்லையும் இல்லை என்றார். செவியும் கண்ணும் ஒழிந்து, பழகிய மணமும் இல்லாத இடத்தில், தெருநாய்க் கூட்டத்திடை விடப்பட்ட முதுநாய்க்கு நேர்வது யாது என்பது அவர் அறியாததன்று. கையிற் குருதி படாமற் செய்யும் கொலையே அது. 1960-ஆம் ஆண்டின் விலங்குவதைத் தடுப்புச் சட்டமும், தக்க காரணமின்றி, பசியானும் நீர்வேட்கையானும் துன்புறத்தக்க நிலையில் விலங்கினைக் கைவிடுதலைக் குற்றமாகவே வைத்துள்ளது.

கால்நடை மருத்துவர் வேறொன்று சொன்னார். வலி தணிக்க இயலாத நாள் ஒன்று வரின், துயிலச் செய்து உயிர் போக்கும் ஊசியொன்று உண்டு. அந்நாள் இன்னும் வரவில்லை என்றார். இதுபற்றி மடத்துப் பெரியோரிடையேயும் கருத்து வேறுபாடு இருத்தல் கூடுமாகலின், எம் துணிபை மறையாது கூறுவேம். வலியைத் தணிக்க வழியுளதாகுமளவும் அவ்வூசியை நினைத்தலும் ஆகாது. நம் உறக்கக் கேட்டினை அதன் துன்பமாக மாற்றிப் பேசும் நா நம்மிடத்தில் உண்டு. அந்நாவை முதற்கண் அடக்குதல் வேண்டும். எல்லா வழியும் அடைபட்ட பின்னர் ஒருவர் கண்ணீரோடு அதற்கு இசைவாராயின், அவரைப் பழித்தற்கு எமக்கு வாயில்லை. ஆயினும், “அதன் வினையை முடித்துவிட்டேன்” என்று மாத்திரம் அவர் சொல்லலாகாது. உடம்பை முடிக்கலாம், எஞ்சிய வினையை முடித்தற்கு நம் கையில் ஒன்றும் இல்லை. செய்தது தம் செயல் என்று தாமே ஏற்று, முதல்வன் திருமுன் வைத்தலே அவர் செயற்பாலது.

இப்பொழுது செய்து வருவன சிறியன. நடையில் இரவெல்லாம் ஒரு சிறு விளக்கு எரிகின்றது; அதனை வைத்த பின்னர் ஊளை குறைந்தது. வழுக்குந் தரைமேல் பழைய கோணிப்பை விரித்திருக்கின்றேம். கட்டிலையும் பெட்டியையும் இடம் மாற்றுவதில்லை. ஒரே நாழிகையில் சோறு; மீட்டும் வந்து நிற்பின் ஒரு கவளம், முன்னர் உண்டாய் என்று வாதாடுதல் இல்லை. துயிலுமுன்னும் நள்ளிரவிலும் ஒருமுறை வெளியே அழைத்துச் செல்லுதல் உண்டு. உறங்குங்கால் தொட்டெழுப்பாது, மூக்கின் அருகே கையை நீட்டிக் காத்திருத்தல் வேண்டும். தானே மோந்து விழிக்கும். புத்தகங்கள் மேல்தட்டுக்கு ஏறிவிட்டன. முன்னரே ஏற்றியிருக்க வேண்டியவை.

திருவாசகத்தில் மாணிக்கவாசகர் தம்மை நாயேன் என்று பலகாலும் கூறுதலை அறியாதார் இலர். இழிவு குறித்தது என்று ஒரு சொல்லில் உரை கூறி மேற்செல்லுதலே எம் வழக்கமாயிருந்தது. நாயின் இழிவு யாதென்று மாணாக்கர் வினாவின், எச்சிலுண்ணுதலையும் கக்கியதனை உண்ணுதலையும் கூறி முடிப்பேம். இவ்வாண்டு அப்பகுதி பாடத்தில் வந்தபோது அவ்வுரை எமக்கு எழவில்லை. யாரால் ஊட்டப்படுகின்றேம் என்பதையும், எவ்வில்லத்துள் இருக்கின்றேம் என்பதையும் மறந்த ஓர் உயிரும், அம்மறதியை ஒரு காரணமாகக் கொண்டு கைவிடாத ஒரு தலைவனும் மனக்கண்முன் வந்து நின்றமையால், சிறிது நேரம் பேசாதிருந்தேம். மாணாக்கர் எமக்கும் முதுமை வந்துவிட்டது என்று எண்ணியிருத்தல் கூடும், அதுவும் பொய்யன்று.

இதனை எழுதி முடிக்கும் இப்பொழுது நள்ளிரவு. நகவொலி கூடத்தைக் கடந்து கதவண்டை சென்று நின்றுவிட்டது. கீற்பக்கத்தேதான் நிற்கும். எழுந்து சென்று, கதவைத் திறந்து, கையை மோக்கக் கொடுத்து, இப்புறமாக அழைத்து வருதல் வேண்டும்.